பதினாறு என்றால் முடிவிலி

பிறையில் இரவு வேலைக்காரர்கள் சாக்கடைக்குத் தோண்டினார்கள்.
இயந்திரத்தின் பல்லுக்குத் தெரியாது
அது கடித்தது வேர் அல்ல, எங்கள் கம்பி என்று.
தொண்ணூற்று மூன்று. இரவு இரண்டேகால்.
பாயான் லெப்பாஸில் குளிர் அறைக்குள்
ஸ்வெட்டரோடு மைலோ குடித்துக்கொண்டிருந்தேன்.

எங்களிடம் மூன்று பெட்டிகள்.
ஒன்று என் காலடியில்,
ஒன்று கொம்தாரின் முப்பத்தோராம் மாடியில்,
ஒன்று கடல் தாண்டிப் பிறைக் கிடங்கில்.
பெட்டிக்கு ஊர்ப்படம் தெரியாது.
பாலம் தெரியாது, பெரி தெரியாது.
பக்கத்துப் பெட்டி சொல்வதை நம்பும்:
அங்கே போக இத்தனை தாவல்.
அதோடு ஒன்றைக் கூட்டி
அடுத்ததிடம் ஒப்பிக்கும்.
முப்பது நொடிக்கு ஒருமுறை,
யார் கேட்டாலும் கேட்காவிட்டாலும்.

கம்பி அறுந்ததும் கொம்தார்
பிறையைப் பட்டியலிலிருந்து அடித்தது.
அதற்குள் என் பெட்டி வாயைத் திறந்தது:
பிறைக்கா? எனக்கு வழி தெரியுமே, இரண்டே தாவல்.
கொம்தாரிடமே கேட்டுத் தெரிந்துகொண்ட வழி அது.
சொல்லவில்லை. சொல்லத் தெரியாது.
கொம்தார் நம்பி எழுதிக்கொண்டது: மூன்று.
அதைக் கேட்டு என்னுடையது திருத்தியது: நான்கு.
ஐந்து.
ஆறு.

நடுவில் கிடங்குக் கணக்கெல்லாம்
இங்கிருந்து அங்கே, அங்கிருந்து இங்கே;
ஒவ்வொரு தாவலிலும் ஆயுளில் ஒன்று கழிய
சத்தமில்லாமல் செத்துக்கொண்டிருந்தன.
என் திரையில் வழக்கமான பச்சை எழுத்துகள்.
பிறைக்கு வழி: உண்டு.

கேட்டவனிடமே திருப்பிச் சொல்லாதே
என்று ஒரு விதி இருக்கிறது.
இரண்டு வரி ஆணை, அவ்வளவுதான்.
அடுத்த வாரம் போடுகிறேன் என்றான் குணாளன்.
அடுத்த வாரம் அவனே வரவில்லை.
வீட்டுக்கும் போகவில்லை.

அப்போதுதான் தொலைபேசி.
விமலேஸ்வரி. எனக்கு இரவு ஷிப்ட் என்று தெரியும் அவளுக்கு.
"அக்கா, அவரு ஜொகூர்ல இருக்காராம்.
ஹொக் செங் சொன்னாரு."
எனக்கு மூச்சு இளகியது.
பார்த்தாயா, நான் நினைத்தது சரிதான்.
ஹொக் செங்குக்கு யார் சொன்னதாம்?
ரொஸ்னானி.
ரொஸ்னானிக்கு?

கேட்க வேண்டியிருக்கவில்லை.
போன செவ்வாய், கேன்டீனில், மீ கோரேங் வரிசையில்,
தட்டை நீட்டியபடி நான்தான் சொன்னேன்,
"ஜொகூர் பக்கம் போயிருப்பான்" என்று.
இருப்பான் என்றுதான் சொன்னேன்.
வழியில் எங்கோ அது இருக்கான் ஆகி,
மூன்று வாய் தாண்டி
என் காதுக்கே நற்செய்தியாக வந்திருக்கிறது.
நானும் நம்பினேன், ஒரு மிடறு மைலோ நேரம்.

இந்தப் பெட்டிகளுக்கு விதி எழுதியவர்கள்
எங்கேயோ ஒரு வரம்பு கட்டினார்கள்.
பதினாறு தாவல் என்றால் முடிவிலி.
பதினாறு ஆனால் அந்த ஊர் இல்லை.
தமிழ் தெரியாதவர்கள்தான்.
மணமக்களைப் பதினாறும் பெறச் சொல்கிறோம்;
செத்தவருக்குப் பதினாறாம் நாள் காரியம்.
அவர்களுக்கு அது நான்கு இலக்கத்துக்குள் அடங்காத
ஓர் எண், அவ்வளவே.
ஆனாலும் பெட்டிகள் அங்கே நிறுத்திக்கொள்கின்றன.

திரையில் பதினான்கு. பதினைந்து.

"விமலா," என்றேன்,
"அது என்கிட்டேயிருந்து கிளம்பின பேச்சு.
சும்மா சொன்னது.
எனக்குத் தெரியாதும்மா. யாருக்கும் தெரியாது."

மறுமுனையில் விசிறிச் சத்தம்.
பிள்ளை எதற்கோ முனகியது.
முப்பது நொடிக்கு மேலிருக்கும்.
அவளும் ரிசீவரை வைக்கவில்லை,
நானும் வைக்கவில்லை.

காலை ஐந்தே முக்காலுக்குப் பிறை திரும்பியது.
ஒன்று, என்றது கொம்தார்.
இரண்டு, என்றது என் பெட்டி,
ராத்திரி சொன்ன அதே குரலில்.
இந்தமுறை உண்மை.